வாரிசுப் பிரிவு, பென்னாகரம்

தாலுகா அலுவலகத்தில்
வாரிசுச் சான்று மேசை எனக்கு.
இடக்கைப் பக்கம் இறந்தவர்கள்,
வலக்கைப் பக்கம் இருப்பவர்கள்,
நடுவில் பசைப்புட்டி.
இழுப்பறையில், புளிசாத டப்பாவுக்கு அடியில்,
தொலைதூரக் கல்வி எம்.ஏ.வின்
இங்கிலாந்து வரலாறு.
இரண்டு முறை அரியர் விழுந்த தாள்.

கூட்டமில்லாத மத்தியானங்களில்
அங்கிருந்தும் வருகிறார்கள்
மனுவோடு.

முதலில் வந்தவனுக்கு உடம்பெல்லாம் ஈரம்.
நவம்பர் இரவு, கப்பலில் எல்லோருக்கும் போதை.
சிறு படகில் தப்பிவிட்டவன்
சகோதரியின் கூச்சல் கேட்டுத் திரும்பினானாம்.
தொற்றிய கைகளின் பாரத்தில் படகும் போயிற்று.
பிழைத்தது ஒரே ஒருவன்,
ஒரு கறிக்கடைக்காரன்.
ஒகேனக்கலில் ஒருமுறை பரிசல் கவிழ்ந்தபோது
நீந்தி வந்த சமையல்காரரைப்
பாறையில் உட்காரவைத்து
மீன் வறுத்துக்கொண்டிருந்த பெண் தண்ணீர் கொடுத்தாள்.
அவரும் போனவர்களின் பெயர்களைத்தான் சொன்னார்.

அடுத்து இரண்டு சிறுவர்கள், கோபுரத்துக்குள் போனவர்கள்.
சித்தப்பா முடிசூடிக்கொண்டார்.
உடல் கிடைக்காவிட்டால்
ஏழு வருடம் காத்திருக்க வேண்டும், தம்பிகளா.
நூற்றுத் தொண்ணூறு வருடம் கழித்து
மாடிப்படிக்கு அடியில் எலும்பு எடுத்தார்கள்.
அது அவர்களுடையதுதானா?
வி.ஏ.ஓ. அறிக்கை இன்னும் வரவில்லை.

பதினேழு முறை வயிறு கனத்தவளின் படிவத்தில்
வாரிசுகள் என்ற கட்டம் காலி.
ஒரு பையன் மட்டும்
பதினோராவது பிறந்தநாள் வரை வந்தான்.
அன்றைக்கு ஆடினான்.
அந்த வாரமே காய்ச்சல்.
அந்தப் பக்கத்தை நான் எப்போதும்
வேகமாகத் திருப்பிவிடுவேன்.

ஆற்றில் நீந்தப் பிரியப்பட்ட பதினெட்டு வயதுக்காரன்
அவனும் காய்ச்சலில்தான்.
கிரீடம் தம்பிக்கு வந்தது.
அது வந்த தலையைத்தான் பிறகு வெட்டினார்கள்.
அண்ணன் இருந்திருந்தால்...
இப்படிக் கேட்பதற்குப் படிவத்தில் இடமில்லை.
தேர்வில் பத்து மதிப்பெண்ணுக்குக் கேட்கிறார்கள்.

நேற்று கெம்பம்மாள் வந்தாள்.
கையில் பழைய ரேஷன் கார்டு,
அதில் அவள் பெயர்மேல் ஒரு கோடு,
கல்யாணமான வருடம் போட்டது.
மாதையன் (லேட்), நிலம் அறுபத்திரண்டு சென்ட்,
மாமரம் பதினொன்று, ஒரு கிணற்றில் கால் பங்கு.
தம்பிமார் கொடுத்த மனுவில்
வாரிசுகள் இருவர்.
'மூத்தவ நானுங்க மேடம்,
அப்பாவுக்கு மூணு மாசம் மூத்திரம் எடுத்தவளும் நானுங்க.'
இரண்டாவது காரணத்தை எழுத வழியில்லை.
முதலாவது போதும்.
பச்சை மையில் திருத்தி
ஒன்று என்ற எண்ணுக்கு எதிரே
அவள் பெயரை எழுதி வைத்தேன்.
தாசில்தார் கேம்ப், கையெழுத்து திங்கட்கிழமை.

உட்கார்ந்தே இருந்தாள்.
ஏதோ ஓர் உற்சாகத்தில்
லண்டன் கதையைச் சொன்னேன்:
ஆயிரம் வருடமாகத் தம்பி பிறந்தால்
அக்காள் பின்வரிசைக்குப் போக வேண்டும் அங்கே,
இப்போதுதான், இரண்டாயிரத்துப் பதின்மூன்றில்,
சட்டத்தை மாற்றினார்கள்.
நம் சட்டசபை எண்பத்தொன்பதிலேயே
பெண்ணுக்குப் பங்கு சொல்லிவிட்டது, தெரியுமா,
இருபத்து நாலு வருடம் முந்தி, நாம்தான் முன்னாடி.

அவள் ஜன்னல் வழியே பார்த்தாள்.
எதிரே சார்பதிவாளர் அலுவலகம்.
வேப்பமரத்தடியில் தம்பிமார் இருவரும்,
பத்திரம் எழுதுபவரும்.
சின்னவன் கையில் ஜவுளிக்கடைப் பை,
உள்ளே பட்டு மாதிரி ஏதோ மின்னிற்று.
விடுதலைப் பத்திரம் என்று அதற்குப் பெயர்.
யாருக்கு விடுதலை என்று
எந்த ஷரத்திலும் இல்லை.

'அந்த ஊர்ல,' என்றாள் கெம்பம்மாள்,
'அந்தப் பொண்ணுகிட்ட அப்புறமா வந்து
கையெழுத்து கேக்க மாட்டாங்களா?'

பாடப்புத்தகத்தில் அது இல்லை.
டீ வந்தது.
ஆளுக்குப் பாதியாகக் குடித்தோம்.